காலணா போட்ட ரயில்

டெல்லி லக்ஷ்மிபாய் நகரில் எங்கள் குவார்ட்டர்ஸ் பரணில் ஒரு டிரங்குப் பெட்டி இருக்கிறது. அப்பா வேலைக்காக டெல்லி வந்தபோது திருத்துறைப்பூண்டிப் பக்கத்துக் கிராமத்திலிருந்து தூக்கிவந்தது. தாத்தாவின் பத்திரங்கள், கிஸ்தி கட்டிய சீட்டுகள், ஒரு சுருக்குப்பையில் செல்லாக்காசுகள். அவற்றில் ஒன்று ஐந்தாம் ஜார்ஜ் தலை போட்ட காலணா. விளிம்பு தேய்ந்து, எழுத்து மங்கி, கட்டைவிரல் அகலத்துக்கு ஒரு செம்பு நிறக் காசு.

சிறுவயதில் கோடை விடுமுறைக்கு ஊருக்குப் போவதென்றால் இரண்டு நாளைக்கு மேல் ரயிலில்தான் வாழ்க்கை. ஜி.டி. எக்ஸ்பிரஸில் சென்னை சென்ட்ரல், மூட்டை முடிச்சோடு எழும்பூர், ராத்திரி மீட்டர் கேஜ் வண்டி, விடியும்போது மாயவரம். அங்கே இறங்கி, தெற்கே போகும் பாசஞ்சருக்காகக் காத்திருப்போம். பேரளம், பூந்தோட்டம், நன்னிலம், திருவாரூர், திருநெல்லிக்காவல் என்று ஒவ்வோர் ஊரிலும் நின்று மூச்சு வாங்கிப் போகும் வண்டி அது. இரண்டு பக்கமும் அறுவடை முடிந்த வயல். திருத்துறைப்பூண்டி ஸ்டேஷனில் துண்டைத் தோளில் போட்டுக்கொண்டு தாத்தா நிற்பார். பெட்டிகளை வண்டியில் ஏற்றும்போது ஒருமுறை சொன்னார்: "இது வெள்ளைக்காரன் போட்ட ரயில் இல்லடா. நம்ம காலணாவுல போட்டது. ஜில்லா போர்டு வண்டி."

தாத்தாக்கள் எல்லாவற்றையும் நம்முடையது என்றுதான் சொல்வார்கள் என்று நினைத்து விட்டுவிட்டேன். பல வருஷம் கழித்துப் படித்தபோதுதான் தெரிந்தது, அவர் அளந்து சொன்ன கணக்கு அது. ரூபாய்க்குக் காலணா. அவ்வளவேதான்.

அந்தக் காலத்து நாணயக் கணக்கு தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன். ரூபாய்க்குப் பதினாறு அணா, அணாவுக்குப் பன்னிரண்டு பை. மூன்று பை சேர்ந்தால் காலணா. ஆக, ரூபாயில் அறுபத்து நாலில் ஒரு பங்கு. 1870களின் கடைசியில், தஞ்சாவூர் ஜில்லாவில் நிலத்தின் மீது ரூபாய்க்கு மூன்று பை வீதம் ஒரு தனி வரி விதித்தார்கள். ரயில்வே செஸ் என்று அதற்குப் பெயர். நூறு ரூபாய் கிஸ்தி கட்டுகிறவர் இதற்காக ஒரு ரூபாய் ஒன்பது அணா கூடக் கட்டினார். பட்டாமணியார் வசூலித்தார், கர்ணம் கணக்கெழுதினார், காசு தாலுகா கஜானாவுக்குப் போனது. போய், அங்கே காத்திருந்தது. வருஷா வருஷம் சேர்ந்துகொண்டே போனது. ரயில் ஓடிப் பார்க்க ஏறக்குறைய பதினைந்து ஆண்டுகள் ஆயின. காசு கொடுத்த முதல் தலைமுறையில் எத்தனை பேர் அந்த ரயிலில் ஏறாமலே போய்ச்சேர்ந்தார்களோ என்று நான் யோசிப்பதுண்டு.

நிலவரியோடு உள்ளூர்ச் செலவுக்கென்று ஒரு துண்டு சேர்த்து வாங்கும் வழக்கம் அதற்கு முன்பே வந்துவிட்டது. சென்னை மாகாணத்தில் 1866இல் சாலை செஸ் வந்தது. 1871இல் லோக்கல் ஃபண்ட் சட்டம் வந்தபோது, சாலையோடு பள்ளிக்கூடமும் ஆஸ்பத்திரியும் அந்தப் பணத்தில் சேர்ந்தன. கலெக்டரைத் தலைவராக வைத்துச் சில உள்ளூர்ப் பெரிய மனிதர்கள் உட்கார்ந்து அதைச் செலவழித்தார்கள். 1882இல் ரிப்பன் பிரபு உள்ளாட்சித் தீர்மானம் கொண்டுவந்தார். அதன் பின்னால் வந்ததுதான் 1884ஆம் ஆண்டின் சென்னை லோக்கல் போர்டுகள் சட்டம். மேலே ஜில்லா போர்டு, நடுவே தாலுகா போர்டு, கீழே சில கிராமங்களைச் சேர்த்து யூனியன். எங்கள் பக்கத்துப் பெரியவர்கள் வாயில் கடைசிவரை இருந்த 'போர்டு' என்ற சொல் அப்படி வந்தது. போர்டு ஸ்கூல், போர்டு ரோடு, போர்டு ஆஸ்பத்திரி. தமிழாக்கியவர்கள் அதைக் 'கழகம்' என்றார்கள். கட்சிகள் அந்தச் சொல்லை எடுத்துக்கொள்வதற்கு முன்னால் தஞ்சை ஜில்லாவில் கழகம் என்றால் போர்டுதான். திருவாரூர்க் கழக உயர்நிலைப் பள்ளி என்றால் போர்டு ஹைஸ்கூல். அங்கே இடம் கிடைக்காவிட்டால் எதிரே இருக்கும் கமலாலயக் குளத்தில் குதித்துவிடுவேன் என்று திருக்குவளையிலிருந்து வந்த சிறுவன் கருணாநிதி தலைமையாசிரியரிடம் சொல்லி இடம் வாங்கிய கதை தமிழ்நாட்டுக்கே தெரியும்.

காலணாவுக்கு வருகிறேன். ரயில் எதற்கு, அந்தப் பணத்தில் ரோடு போட்டிருக்கலாமே என்று கேட்கலாம். டெல்டாவில் ஒரு மழைக்காலம் இருந்து பார்த்தவர் கேட்க மாட்டார். காவிரி கொண்டுவந்து கொட்டிய வண்டலும் களியும்தான் அந்தப் பூமி. நெல்லுக்கு அமிர்தம், வண்டிச் சக்கரத்துக்குச் சேறு. ஐப்பசி கார்த்திகையில் கட்டை வண்டி அச்சு வரை இறங்கிவிடும். ரோட்டுக்குப் போட ஒரு கல் வேண்டுமென்றாலும் டெல்டாவுக்குள் கிடையாது. மேற்கே மேட்டு நிலத்திலிருந்துதான் சரளையும் ஜல்லியும் வரவேண்டும். வருஷா வருஷம் கொட்டுவார்கள், வருஷா வருஷம் களி விழுங்கிவிடும். விளைந்த நெல்லோ மலை மலையாகக் குவிந்து கிடந்தது.

ரயில் அந்த ஜில்லாவுக்குப் புதிதும் இல்லை. நாகப்பட்டினத்திலிருந்து திருவாரூர், தஞ்சாவூர் வழியாகத் திருச்சிக்கு 1860களின் தொடக்கத்திலேயே கம்பெனிக்காரர்கள் லைன் போட்டுவிட்டார்கள். பிறகு வந்த தென்னிந்திய ரயில்வே கம்பெனி சென்னையிலிருந்து கடலூர், மாயவரம், கும்பகோணம் என்று மெயின் லைனை இழுத்தது. இரண்டும் துறைமுகத்தையும் தலைநகரையும் பார்த்துப் போன லைன்கள். இரண்டுக்கும் தெற்கே, திருத்துறைப்பூண்டி, முத்துப்பேட்டை, பட்டுக்கோட்டை என்று கடலோரமாகக் கிடந்த பாதி ஜில்லாவை யாரும் எட்டிப் பார்க்கவில்லை. கம்பெனிக்கு அங்கே லாபம் தெரியவில்லை. 1876 முதல் 1878 வரை தென்னாட்டையே சூறையாடிய பஞ்சம் வேறு அப்போதுதான் முடிந்திருந்தது. நெல் ஒரு பக்கம் கிடக்க, மறுபக்கம் கஞ்சியில்லாமல் ஜனங்கள் செத்த காலம். காலணா வரி அந்த நேரத்தில்தான் ஆரம்பித்தது.

1894இல் மாயவரத்திலிருந்து முத்துப்பேட்டை வரை வண்டி ஓடியது. 54 மைல். மீட்டர் கேஜ். தண்டவாளமும் பாதையும் தஞ்சாவூர் ஜில்லா போர்டின் சொத்து. வண்டியை ஓட்டிக்கொடுத்தது தென்னிந்திய ரயில்வே கம்பெனி. லண்டனில் பங்கு விற்றுப் பணம் திரட்டி, அதற்கு இந்தியக் கஜானாவிலிருந்து வட்டிக்கு உத்தரவாதம் வாங்கிக்கொண்டு கம்பெனிகள் ரயில் போட்ட நாட்டில், ஒரு ஜில்லாக்காரர்கள் தங்கள் கிஸ்தியோடு காலணா காலணாவாகச் சேர்த்து ஒரு ரயிலுக்குச் சொந்தக்காரர்கள் ஆனார்கள். என் தாத்தா பெருமைப்பட்டதில் தப்பே இல்லை. எனக்கும் அந்தப் பெருமை உண்டு.

அந்தப் பெருமையோடு சொல்லவேண்டியது இன்னொன்றும் இருக்கிறது. கிஸ்தி கட்டியவர் பட்டாதாரர். அந்தக் கிஸ்தியை வயலில் விளைவித்தவர் பண்ணையாள். பட்டாவில் அவர் பெயர் இல்லை. போர்டு உறுப்பினராவது இருக்கட்டும், அதைத் தேர்ந்தெடுக்கும் ஓட்டுக்கூட அவருக்கு இல்லை. சொத்தும் வரியும் உள்ளவர்களுக்கே அன்று ஓட்டு. ஆகவே 'நம்ம காலணா' என்று தாத்தா சொன்னதில் அந்த 'நம்ம' எவ்வளவு அகலம் என்று கேட்டுக்கொள்ள வேண்டியிருக்கிறது. கரம்பையை வெட்டி மேடாக்கிப் பாதைக்கு மண் சுமந்தவர்களும் கூலிக்காரர்கள்தான். காலணாவின் ஒரு பக்கத்தில் ராஜா தலை இருந்தது. காசு போன வழியெல்லாம் அவர்களுடைய கைரேகை.

முத்துப்பேட்டையோடு நிற்கவில்லை. 1902இல் பட்டுக்கோட்டை. 1903 முடியும்போது அறந்தாங்கி. மாயவரத்திலிருந்து அறந்தாங்கி வரை நூறு மைலுக்குச் சற்றுக் குறைவு. நடுவே 1898இல் பிரெஞ்சுக்காரர்கள் காரைக்காலிலிருந்து ஒரு கிளை போட்டுப் பேரளத்தில் இந்த லைனோடு வந்து சேர்ந்தார்கள். ஒரு ஐரோப்பிய அரசின் ரயில் ஒரு ஜில்லா போர்டு ரயிலோடு கைகோத்த இடம் பேரளம். இன்று அந்த ஸ்டேஷனில் டீ குடிக்கிறவர்களில் யாருக்காவது இது தெரியுமா? 1915இல் நீடாமங்கலத்திலிருந்து மன்னார்குடிக்கு ஒரு கிளை வந்தது. 1926இல் மாயவரத்திலிருந்து தரங்கம்பாடிக்கு ஒன்று. திருத்துறைப்பூண்டியிலிருந்து வேதாரண்யம், அகஸ்தியம்பள்ளி உப்பளங்களை நோக்கியும் ஒன்று போனது. 1930இல் ராஜாஜியும் தொண்டர்களும் உப்பெடுக்கத் திருச்சியிலிருந்து வேதாரண்யத்துக்கு நடந்துபோனது இந்தப் பக்கத்து வழியாகத்தான்.

தஞ்சாவூரைப் பார்த்து மற்ற ஜில்லாக்களும் எழுந்தன. கிருஷ்ணா ஜில்லா போர்டு 1908இல் பெஜவாடாவிலிருந்து மசூலிப்பட்டினத்துக்கு ரயில் விட்டது. 1923இல் திருநெல்வேலியிலிருந்து திருச்செந்தூருக்கு வண்டி போனது. முருகனைப் பார்க்கப் போகும் அந்த லைனும் ஜில்லா போர்டு லைன்தான்.

1894 என்ற வருஷத்தை நான் கவனித்ததற்கு இன்னொரு காரணமும் உண்டு. இங்கிலாந்தில் ரூரல் டிஸ்ட்ரிக்ட் என்ற கிராமப்புற உள்ளாட்சி மாவட்டங்களைச் சட்டம் போட்டு உண்டாக்கியதும் அதே 1894இல்தான். ஏழைகள் நிவாரணத்துக்காகச் சேர்த்து வைத்திருந்த ஊர்த்தொகுதிகளின் மேல் எழுந்தவை அவை. குடிநீர், சாக்கடை, குப்பை, பிற்பாடு ஏழைகளுக்கு வாடகை வீடு என்று எண்பது வருஷம் வேலை பார்த்தன. 1974 ஏப்ரல் 1ஆம் தேதி ஒரே நாளில் அத்தனையும் கலைந்து பெரிய மாவட்டங்களில் கரைந்தன. அங்கே சில ஊர்களில் சாக்கடை மூடியின் இரும்பில் பழைய மாவட்டத்தின் பெயரெழுத்து இன்னும் இருக்குமாம். ஆண்ட நாட்டிலேயே கிராமத்துக்கு ஓர் ஆட்சியைச் சட்டப்படி கொடுத்த வருஷத்தில், ஆளப்பட்ட நாட்டின் ஒரு ஜில்லா போர்டு சொந்த ரயிலில் கொடி அசைத்துக்கொண்டிருந்தது.

1920ஆம் ஆண்டுச் சட்டத்துக்குப் பிறகு கலெக்டர்கள் போர்டுத் தலைமையிலிருந்து விலகினார்கள். ஜில்லா போர்டுத் தலைவர் பதவி பெரிய அரசியல் பதவியானது. நீதிக்கட்சிக்காரர்களும் காங்கிரஸ்காரர்களும் அதற்காக மோதினார்கள். 1920களில் தஞ்சாவூர் ஜில்லா போர்டுத் தலைவராக இருந்த ஏ.டி.பன்னீர்செல்வத்தின் பெயர் எங்கள் பக்கத்தில் இன்றும் மரியாதையோடு சொல்லப்படுகிறது. மராட்டிய ராஜாக்கள் வைத்துவிட்டுப் போன சத்திரங்களும் அவற்றின் நிலங்களும் போர்டின் நிர்வாகத்தில் இருந்தன. அந்த வருமானத்தில் ஒரத்தநாட்டிலும் ராஜாமடத்திலும் எல்லாச் சாதி மாணவர்களும் தங்கிப் படிக்க வழி செய்தார். வடமொழிக்கென்றிருந்த திருவையாறு கல்லூரியில் தமிழும் உள்ளே வந்தது. 1940 மார்ச் 1ஆம் தேதி லண்டனுக்குப் பறந்த வழியில் ஓமான் வளைகுடா மேல் அவர் போன ஹன்னிபால் விமானம் காணாமல் போனது. தஞ்சாவூர் தாலுகா போர்டுத் தலைவராக இருந்தவர் கரந்தைத் தமிழ்ச் சங்கத்தை வளர்த்த உமாமகேசுவரனார். பக்கத்து ராமநாதபுரத்தில் ஜில்லா போர்டுத் தலைவராக இருந்த டபிள்யூ.பி.ஏ.சௌந்தரபாண்டியன், தாழ்த்தப்பட்டவர்களை ஏற்ற மறுக்கும் பஸ்களின் லைசென்ஸை ரத்து செய்வேன் என்று உத்தரவு போட்டார். ஒரு மாகாண மந்திரிக்கே வராத துணிச்சல் அது. உள்ளூர் அதிகாரம் கையில் இருந்தால் என்னவெல்லாம் செய்யலாம் என்பதற்கு எனக்கு இதைவிடச் சாட்சி வேண்டாம்.

ஆனால் அந்த பஸ்கள்தான் ரயிலுக்கு எமனாகவும் வந்தன. போர்டு பராமரித்த ரோட்டிலேயே ஓடி, போர்டு ரயிலின் பயணிகளை வாசலில் வந்து ஏற்றிக்கொண்டன. 1934இல் தாலுகா போர்டுகளை ஒழித்தார்கள். தென்னிந்திய ரயில்வே 1944இல் அரசாங்கத்தின் கைக்குப் போனது. 1951 ஏப்ரல் 14இல் தெற்கு ரயில்வே பிறந்தது. அடுத்த வருஷம் அறந்தாங்கியிலிருந்து காரைக்குடி வரை லைன் நீண்டது. போர்டு நினைத்த பாதை செட்டிநாட்டைத் தொட்டபோது போர்டின் பெயர் டிக்கெட்டிலும் இல்லை, பேச்சிலும் குறைந்துவிட்டது. கம்பன் எக்ஸ்பிரஸ் ஓடிய காலத்தில் அதில் ஏறியவர்களுக்கு அது சென்னை வண்டி, அவ்வளவுதான்.

பிறகு போர்டும் போனது. காமராஜர் முதலமைச்சராக இருந்தபோது 1958இல் வந்த சென்னைப் பஞ்சாயத்துச் சட்டம் ஜில்லா போர்டை விட்டுவிட்டு, பிளாக் அளவில் ஊராட்சி ஒன்றியங்களைக் கட்டியது. அடுத்த சில வருஷங்களில் 370க்கும் மேற்பட்ட ஒன்றியங்கள் வந்தன. கிராமத்துக்கு அருகில் அதிகாரத்தைக் கொண்டுபோக வேண்டும் என்ற நல்ல எண்ணம்தான். ஆரம்பப் பள்ளிகள் ஒன்றியத்துக்கு, ஆஸ்பத்திரிகளும் பெரிய ரோடுகளும் சர்க்காருக்கு, போர்டு ஹைஸ்கூல்கள் நாளடைவில் அரசு உயர்நிலைப் பள்ளிகளாக மாறின. அண்ணன் தம்பி பாகம் பிரித்துக்கொண்ட வீடு மாதிரி ஆனது. ஜில்லா முழுமைக்கும் சேர்ந்து யோசித்து, சேர்ந்து வரி போட்டு, இருபது வருஷத்துக்கு அப்பால் ஒரு காரியத்தைக் கனவு காண ஒரு சபை இல்லாமல் போயிற்று. 1994ஆம் ஆண்டுச் சட்டம் மாவட்ட ஊராட்சி என்று ஒன்றைத் திரும்பக் கொண்டுவந்தது. அதற்கு வரி போடும் அதிகாரம் இல்லை. அதே சட்டத்தில் நிலவரி ரூபாய்க்கு ஒரு ரூபாய் தலவரி உண்டு. காலணா அறுபத்து நாலு மடங்காகியிருக்கிறது. ஆனால் நிலவரியே சுண்டிப்போய்விட்டது. இன்று அதைச் சேர்த்து வைத்து ரயில் போடுவதைப் பற்றி யார் நினைப்பார்கள்?

நான் இதை எழுதும் இடத்துக்கும் ஒரு ஜில்லா போர்டு கதை உண்டு. டெல்லியின் கிராமங்களுக்கென்று இருந்த ஜில்லா போர்டு 1958 ஏப்ரல் 7ஆம் தேதி மாநகராட்சி உருவானபோது அதில் கரைந்தது. தமிழ்நாட்டில் சட்டம் வந்த அதே வருஷம். வினய் நகர் என்று பெரியவர்கள் சொல்லும் இந்தப் பகுதியில், மத்திய அரசு ஊழியர் குடியிருப்புகளுக்கு நடுவே பிலன்ஜி என்ற கிராமம் இன்னும் சந்து சந்தாக உயிரோடு இருக்கிறது. குவார்ட்டர்ஸ் வரிசைகளுக்கு மத்தியில் திடீரென்று குறுகும் அந்தச் சந்துக்குள் நுழைந்தால்தான், இங்கேயும் உழுதவர்கள் இருந்தார்கள் என்பது உறைக்கும். லக்ஷ்மிபாய் நகர் புது டெல்லி நகராட்சி கவுன்சிலின் கீழ் வருகிறது. அதற்குத் தேர்தல் கிடையாது. எங்களுக்கு வார்டு கவுன்சிலர் என்று ஒருவரைத் தேர்ந்தெடுக்கும் ஓட்டு இல்லை. தண்ணீர் வருகிறது, குப்பை எடுக்கிறார்கள், ரோடு நன்றாகவே இருக்கிறது. ஆனால் இந்தத் தெருவில் எது வேண்டும் என்று எங்களைக் கூப்பிட்டுக் கேட்பவர் யாரும் இல்லை. இங்குள்ள தமிழ்க் கல்விக் கழகப் பள்ளியில்தான் நானும் தமிழ் படித்தேன். பள்ளியின் பெயரில் இருந்த 'கழகம்' என்ற சொல்லைப் பார்க்கும்போதெல்லாம், அதைப் போர்டு என்று சொன்ன தாத்தாவின் குரல் இப்போது ஞாபகம் வருகிறது.

காலணா போட்ட பாதைக்கு நடுவில் கெட்ட காலம் வந்தது. தரங்கம்பாடிக் கிளை 1986இல் நின்றுபோய், இன்றுவரை திரும்பவில்லை. மன்னார்குடிக் கிளையையும் ஒரு கட்டத்தில் மூடினார்கள். 2011இல் அகலப் பாதையாக அது திரும்பி வந்தது. திருவாரூர் காரைக்குடி மீட்டர் கேஜைப் பெயர்த்துவிட்டு அகலப் பாதை போட்டு முடிக்க வருஷக்கணக்கில் ஆயிற்று. அதுவரை பட்டுக்கோட்டைக்காரர்களும் பேராவூரணிக்காரர்களும் மூடிய ஸ்டேஷன்களைத் தாண்டி பஸ்ஸில் போய்வந்தார்கள். 2019இல் மறுபடியும் வண்டி ஓடியது. என் அப்பா அதைப் பார்க்க இல்லை.

திருத்துறைப்பூண்டி அகஸ்தியம்பள்ளி கிளை, 37 கிலோமீட்டர், 2023 ஏப்ரல் 8ஆம் தேதி திறக்கப்பட்டது. பிரதமர் சென்னையிலிருந்து கொடியசைத்தார். லக்ஷ்மிபாய் நகரில் எங்கள் வீட்டு டிவியில் சாயங்காலம் அதைப் பார்த்தேன். வேதாரண்யத்தில் இருக்கும் சித்தப்பாவுக்கு உடனே போன் போட்டேன். எண்பதைத் தொடும் வயது அவருக்கு.

"வண்டி வந்துச்சா சித்தப்பா?"

"வந்துச்சுப்பா. புள்ளைங்கள்லாம் மேல ஏறி நின்னு போட்டோ எடுத்துக்கிட்டு நிக்குதுவ. நீ எப்ப வர்ற?"

"லீவு கிடைச்சதும் வரேன். தாத்தாவோட காலணா இங்கதான் இருக்கு, கொண்டுவரட்டுமா?"

"கொண்டா. ஜன்னலோரமா உக்காந்து வா. கரியாப்பட்டினம் தாண்டுனா உப்பளம் தெரியும்."